கல்லும் தாவரமும்: லித்தாப்ஸ் பேரினம் அறியப்பட்ட வரலாறு (1811–1988)

ஆய்வுச்சுருக்கம்

தென்னாப்பிரிக்கா, நமீபியா ஆகிய நாடுகளின் வறண்ட நிலங்களில் கற்களுக்கிடையே கற்களைப் போலவே தோன்றி வளரும் சிறு சதைப்பற்றுத் தாவரங்கள் லித்தாப்ஸ் என்னும் பேரினத்தைச் சேர்ந்தவை. இத்தாவரம் ஐரோப்பிய அறிவியலின் பார்வைக்கு வந்தது 1811-இல். அதற்குரிய பேரினப் பெயர் அமைந்தது 1922-இல். இடைப்பட்ட நூற்றுப் பதினொரு ஆண்டுக் காலத் தாமதத்திற்குத் தாவரத்தின் உருமறைப்பு மட்டுமே காரணமன்று. தாவரவியல் கையாண்ட சான்றுமுறையும் ஒரு காரணம் என்பதை இக்கட்டுரை நிறுவ முயல்கிறது. அச்சான்றுமுறையின் குறை இருபதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் எவ்வாறு ஈடுசெய்யப்பட்டது என்பதும், அந்த ஈடுசெய்தலே இன்று தாவரத்திற்கு ஊறாக முடியும் நிலையும் ஆராயப்படுகின்றன.

திறவுச்சொற்கள்: லித்தாப்ஸ், சதைப்பற்றுத் தாவரம், உருமறைப்பு, பர்செல், உலர்தாவரகம், பெயரிடல், தென்னாப்பிரிக்கா.

முன்னுரை

தாவரவியல் வரலாற்றை எழுதுவோர் பெரும்பாலும் பெரிய மரங்களையும் பொருளாதாரப் பயிர்களையும் எடுத்துக்கொள்கின்றனர். மிளகு, தேயிலை, ரப்பர், சின்கோனா ஆகியவற்றின் வரலாறு பேரரசுகளின் வரலாற்றோடு பின்னியது. அவற்றிற்கு ஆவணங்களும் மிகுதி. உணவாகவோ துணியாகவோ மரமாகவோ பயன்படாத, கட்டைவிரல் அகலமே உடைய ஒரு தாவரத்திற்கு அத்தகைய வரலாறு இருக்க முடியுமா என்னும் ஐயம் எழுவது இயல்பு. லித்தாப்ஸிற்கு அது உண்டு. அதுவும் 'காண்பது' என்பதே சிக்கலாகிப்போன ஒரு வரலாறு. கண்முன் இருந்தும் காணப்படாத ஒன்று அறிவுலகில் எவ்வாறு இடம்பெறுகிறது, இடம்பெற்றபின் அதற்கு என்ன நேர்கிறது என்னும் வினாக்கள் தாவரவியலுக்கு மட்டும் உரியவையல்ல.

தாவரத்தின் இயல்பு

லித்தாப்ஸ் ஐசோயேசி என்னும் குடும்பத்தைச் சேர்ந்தது. தமிழ்நாட்டின் தரிசுகளிலும் வயல்வரப்புகளிலும் படர்ந்து, கீரையாகவும் உண்ணப்படும் சாரணை இக்குடும்பத்ததே. உறவு இருப்பினும் தோற்றத்தில் இரண்டிற்கும் ஒப்புமை காண்பது அரிது. சாரணைக்குக் கொடியும் கிளையும் இலையும் உண்டு. லித்தாப்ஸிற்குப் புறத்தே தெரியும் தண்டு இல்லை. சதைப்பற்று மிக்க இரண்டு இலைகள் அடியில் ஒன்றாக இணைந்து, தலைகீழாக நிறுத்திய கூம்பு வடிவில் அமைந்திருக்கும். உச்சியில் இரண்டையும் பிரிக்கும் ஒரு பிளவு மட்டுமே இது கல்லன்று என்பதைக் காட்டிக்கொடுக்கும். உடலின் பெரும்பகுதி மண்ணுக்குள் புதைந்திருக்கும். வறட்சி மிகும்போது செடி இன்னும் சுருங்கி, அதன் உச்சி தரையோடு தரையாகிவிடும்.

மண்ணில் புதைந்த இலை ஒளிச்சேர்க்கை நிகழ்த்துவது எங்ஙனம்? இலையின் தட்டையான உச்சிப்பரப்பு ஒரு சாளரமாகச் செயற்படுகிறது. அப்பரப்பில் பச்சையம் மிகக் குறைவு. நிறமிகள் தீவுகள் போலவும் கோடுகள் போலவும் பரவியிருக்க, அவற்றின் இடைவெளிகளில் ஒளி புகுந்து, நீர் நிறைந்த உள்திசுவின் ஊடே சிதறி, நிலத்தடியில் இலையின் உட்சுவரை ஒட்டியுள்ள பச்சையத் திசுவை அடைகிறது. இலைத்துளைகள் இரவில் திறந்து கரியமில வாயுவை ஏற்றுப் பகலில் மூடிக்கொள்கின்றன. இதனால் நீரிழப்பு மட்டுப்படுகிறது. ஆண்டுக்கு ஒருமுறை பழைய இலையிணையின் உள்ளிருந்து புதிய இணை ஒன்று, பழையதன் நீரையே உறிஞ்சி வளர்கிறது. பழைய இணை வற்றித் தாள்போல் மெலிந்து, புதியதைச் சுற்றி உறையாகிவிடும். ஒரே செடி பல பத்தாண்டுகள் வாழ்ந்தாலும் எந்த ஓராண்டிலும் அதற்கு இரண்டே இலைகள்தாம்.

இலையுதிர்காலத்தில் பிளவின் நடுவிலிருந்து மஞ்சள் அல்லது வெள்ளை மலர் ஒன்று வெளிப்படும். மலர் பெரும்பாலும் செடியையே மூடும் அளவுக்குப் பெரிது. ஆண்டு முழுவதும் மறைந்திருக்கும் தாவரம் தன்னைத் தானே அறிவித்துக்கொள்ளும் நாட்கள் அவை மட்டுமே. சேகரிப்போர் களத்திற்குச் செல்வதும் அந்நாட்களில்தான். மலரைத் தொடர்ந்து உருவாகும் விதையுறை உலர்ந்தநிலையில் மூடியிருந்து, மழைத்துளி பட்டதும் விரிகிறது. துளிகளின் வீச்சிலேயே விதைகள் சிதறுகின்றன. விதைகள் தாய்ச்செடியைவிட்டு நெடுந்தொலைவு செல்வதில்லை. எனவே ஒரு குன்றின் சரிவில் உள்ள கூட்டம் அடுத்த குன்றில் இல்லாமற்போவது உண்டு. பின்னால் கூறப்படும் செய்திகள் பலவற்றிற்கும் இவ்வியல்பே அடிப்படை.

பிரீஸ்காவிற்கு அருகில், 1811

வில்லியம் ஜான் பர்செல் (1781–1863) இலண்டனைச் சேர்ந்தவர். கிழக்கிந்தியக் கும்பினியின் ஆளுகையில் இருந்த செயின்ட் எலினா தீவில் சில ஆண்டுகள் பணிபுரிந்தபின் 1810-இல் நன்னம்பிக்கை முனையை அடைந்தார். 1811 ஜூன் மாதத்தில், தம் திட்டப்படி அமைக்கப்பட்ட ஒரு மாட்டுவண்டியில் கேப்டவுனிலிருந்து உள்நாடு நோக்கிப் புறப்பட்டார். நான்கு ஆண்டுகள் நீடித்த அப்பயணத்தில் அவருடன் சென்றவர்கள் கோய்கோய் மக்கள். வண்டியோட்டியவர்களும் வேட்டையாடி உணவளித்தவர்களும் வழிகாட்டியவர்களும் அவர்களே.

1811 செப்டம்பரில், ஆரஞ்சு ஆற்றை நெருங்கும் வழியில், இன்றைய பிரீஸ்கா நகரை அடுத்த பகுதியில், விந்தையான வடிவுடைய கூழாங்கல் எனக் கருதித் தரையிலிருந்து ஒன்றை எடுத்தார் பர்செல். அது தாவரமாக இருந்தது. இந்நிகழ்ச்சியை அவர் தம் பயண நூலின் முதல் தொகுதியில் (1822) பதிவுசெய்துள்ளார். அதே பகுதியில் கற்களிலிருந்து பிரித்தறிய இயலாத ஒருவகை வெட்டுக்கிளியையும் கண்டதாகக் கூறி, இரண்டையும் அவர் இணைத்துப் பார்த்தது குறிப்பிடத்தக்கது. பூச்சி பறவைகளின் கண்ணிலிருந்து தப்புவதற்கும் தாவரம் கால்நடைகளின் வாயிலிருந்து தப்புவதற்கும் இயற்கை செய்த ஏற்பாடு ஒன்றே என்பது அவர் கருத்து. பச்சோந்தியின் நிறமாற்றத்தையும் அவர் இவ்விடத்தில் நினைவுகூர்கிறார்.

இப்பதிவை 'கண்டுபிடிப்பு' என வழங்குவதில் ஒரு தடை உள்ளது. ஆப்பிரிக்கான்சு மொழியில் இத்தாவரங்களுக்கு மாட்டுக்குளம்பு, ஆட்டுக்கால் எனப் பொருள்படும் பெயர்கள் வழங்குகின்றன. கல் என்னும் பொருள் இப்பெயர்களில் இல்லை. மேய்ச்சல் தொழிலோர் இப்பிளவுபட்ட உருவைக் கல்லாகக் காணவில்லை. தாம் நாள்தோறும் கண்ட குளம்பின் பிளவாகவே கண்டனர். ஏமாந்தது வழிப்போக்கனின் கண். நிலத்தோடு வாழ்ந்தவரின் கண் அன்று. 'வாழும் கல்' என்னும் பெயரும், லித்தாப்ஸ் என்னும் அறிவியற் பெயரும் (கிரேக்கத்தில் 'லித்தோஸ்' கல், 'ஓப்ஸ்' முகம்) அந்த ஏமாற்றத்தின் வியப்பையே நிலைநிறுத்தியுள்ளன.

ஓவியத்தின்வழிப் பெயரிடல்

பர்செல் ஒழுங்குமிக்க சேகரிப்பாளர். தாம் எடுத்த ஒவ்வொரு தாவரத்திற்கும் எண் இட்டு, இடமும் நாளும் குறித்து வைத்தார். அக்குறிப்பேடுகள் இன்றும் கியூ தாவரவியற் பூங்காவில் உள்ளன. தென்னாப்பிரிக்காவிலிருந்து அவர் கொணர்ந்த பொருள்கள் பல்லாயிரம். ஆயினும் இத்தாவரத்தைப் பொறுத்தவரை ஐரோப்பாவில் நிலைத்த சான்று அவர் தீட்டிய ஓவியமே.

சதைப்பற்றுத் தாவரங்களில் அக்காலத்தின் முதன்மை அறிஞராக விளங்கிய ஏட்ரியன் ஹார்டி ஹாவொர்த் (1767–1833), அவ்வோவியத்தைக் கொண்டு 1821-இல் இதனை 'மெசெம்பிரியாந்திமம் டர்பினிஃபார்மே' என்னும் பெயரில் விவரித்தார். பர்செல்லின் நூல் அச்சேறுவதற்கு ஓராண்டு முன்பே பெயர் அச்சேறிவிட்டது. டர்பினிஃபார்மே என்பது பம்பர வடிவினது எனப் பொருள்படும். மெசெம்பிரியாந்திமம் என்பதோ அக்காலத்தில் நூற்றுக்கணக்கான சிற்றினங்களை உள்ளடக்கிய மாபெரும் பேரினம். அப்பெயரும் ஒரு பிழையின் சுவடு உடையது. தொடக்கத்தில் அறியப்பட்டவை நண்பகலில் மலர்ந்தமையால் 'நண்பகல் மலர்' எனப் பொருள்படப் பெயரிட்டனர். பின்னர் இரவில் மலர்பவையும் கிடைத்தபோது, ஒலி ஏறக்குறைய மாறாமல் ஓர் எழுத்தை மட்டும் மாற்றி, மலரின் நடுவே கருவுடையது என்று வேறு பொருள் வருமாறு செய்துகொண்டனர். பெயரைக் காக்கப் பொருளை மாற்றிய இச்செயல், சொல்லாராய்ச்சியில் ஈடுபட்டோர்க்குப் புதிதன்று.

ஓவியத்தின்வழிப் பெயரிட்டதன் விளைவு நூறாண்டு கழித்தே வெளிப்பட்டது. 1874-இல் ஜோசஃப் ஹூக்கர் 'கர்ட்டிஸ் தாவரவியல் இதழில்' இத்தகைய தாவரம் ஒன்றின் வண்ணப்படத்தை, ஹாவொர்த் வேறொரு தாவரத்திற்கு இட்டிருந்த பெயரில் வெளியிட்டார். இத்தாலியின் லா மோர்த்தோலா தோட்டத்தைப் பேணிவந்த ஆல்வின் பெர்கர், அப்பெயர் பொருந்தாது எனக் கண்டு, 1908-இல் ஹூக்கரின் நினைவாக 'ஹூக்கெரி' எனப் பெயரிட்டார். பர்செல் கண்டதும் ஹூக்கர் வெளியிட்டதும் ஒன்றா, வேறா? ஒன்றாயின் முற்பட்ட பெயரே செல்லும் என்பது தாவரப் பெயரிடலின் விதி. ஆயின் முற்பட்ட பெயருக்குச் சான்றாக நிற்பது ஓர் ஓவியம் மட்டுமே. இருபதாம் நூற்றாண்டின் பெரும்பகுதியில் 'டர்பினிஃபார்மிஸ்' என்னும் பெயரே வழங்கியது. பிற்கால வகைப்பாட்டில் அதனை ஐயத்திற்குரியதாக ஒதுக்கி 'ஹூக்கெரி' ஏற்கப்பட்டது. முதன்முதலில் காணப்பட்ட லித்தாப்ஸின் பெயரே உறுதியற்றதாகிவிட்டது.

பாடபேதங்களோடு பழகியவர்க்கு இச்சிக்கல் எளிதில் விளங்கும். மூலச்சுவடி மறைந்து, ஒருவர் எடுத்த படி மட்டும் எஞ்சியிருக்கையில், அப்படியைக் கொண்டு மூலத்தை எவ்வளவு தூரம் மீட்கலாம் என்பதே இங்கும் வினா. ஹாவொர்த் செய்தது தவறெனக் கூற இயலாது; கிடைத்ததைக் கொண்டு பதிப்பித்தார்.

உலர்தாவரகத்தின் போதாமை

பர்செல்லுக்குப் பின் பிரீஸ்கா வட்டாரத்தில் அத்தாவரத்தைத் தேடி மீளக் கண்டவர் ஐ. பி. போல் இவான்ஸ், ஆண்டு 1918. பர்செல் தம் நூலில் வழித்தடத்தை நுணுக்கமாக எழுதியிருந்ததே அவருக்கு உதவியது. இடையில் ஒரு நூற்றாண்டு கடந்தது ஏன் என்பதற்குத் தாவரத்தின் உருமறைப்பைக் காட்டிவிட்டு நகர்வதே வழக்கம். அவ்விடை அரைகுறையானது. அந்நூற்றாண்டில் தென்னாப்பிரிக்கத் தாவரங்கள் ஆயிரக்கணக்கில் ஐரோப்பாவுக்குச் சென்றன. மறைந்து வளரும் ஆர்கிடுகளும் நிலத்தடிக் கிழங்குகளும்கூடத் தப்பவில்லை.

தாவரவியலின் அடிப்படை ஆவணம் உலர்மாதிரி. செடியைத் தாள்களுக்கிடையே அழுத்தி உலர்த்தி, குறிப்பெழுதி ஒட்டிவைப்பதே பல நூற்றாண்டுகளாகத் தொடரும் முறை. புல், மூலிகை, மரக்கிளை ஆகியவற்றிற்கு இம்முறை சிறப்பாகப் பொருந்தும். லித்தாப்ஸை அழுத்தினால் எஞ்சுவது நிறமற்ற ஒரு தோல். சாளரத்தின் அமைப்பு, நிறமித் தீவுகளின் வடிவம், கோடுகளின் பின்னல், இலையின் கூம்புவடிவம் என எவை ஒரு சிற்றினத்தை மற்றொன்றிலிருந்து பிரிக்கின்றனவோ அவையனைத்தும் அழிந்துவிடுகின்றன. உலர்தாவரகத்தில் வைத்துப் பார்க்க இயலாத தாவரம் உலர்தாவரகத்தை மையமாகக் கொண்ட அறிவியலுக்கு ஏறத்தாழ இல்லாத தாவரமே. களத்தில் கல்லுக்குள் மறைந்தது போலவே, தாளுக்குள்ளும் அது மறைந்தது.

இத்தடை நீங்கியது அஞ்சலாலும் இருப்புப்பாதையாலும் எனலாம். நீரைத் தன்னுள் தேக்கியுள்ள இச்செடி, மண்ணின்றி வாரக்கணக்கில் தாங்கும். கப்பலில் வரும் சிறு பெட்டியொன்றில் உயிரோடு இலண்டனை அடைய அதற்கு எந்தப் பேணுதலும் தேவையில்லை. வெரீனிகிங் நகரில் புதைபடிவத் தாவரங்களைச் சேகரித்துவந்த டி. என். லெஸ்லி கண்டெடுத்தது இன்று 'லித்தாப்ஸ் லெஸ்லியை' என வழங்குகிறது. பாறைக்குள் கல்லாகிப்போன செடிகளைத் தேடிப் பழகிய கண் கல்லைப் போன்ற உயிர்ச்செடியைக் கண்டது தற்செயலாக இருக்கலாம். எனினும் சுட்டாமல் விடுவதற்கில்லை.

இவ்வாறு வந்துசேர்ந்த உயிர்மாதிரிகளை ஆராய்ந்தவர் கியூவில் பணியாற்றி 1914-இல் ஓய்வுபெற்ற நிக்கோலஸ் எட்வர்ட் பிரவுன் (1849–1934). ஓய்வுக்குப் பின்னரே அவர் மெசெம்பிரியாந்திமம் என்னும் பெருங்குவியலைப் பிரிக்கத் தொடங்கினார். மலரைவிட விதையுறையின் அமைப்பே பகுப்பிற்கு ஏற்ற அடிப்படை என்பது அவர் துணிபு. 1922-இல் 'கார்டனர்ஸ் கிரானிக்கிள்' இதழில் லித்தாப்ஸ் தனிப்பேரினமாக நிறுவப்பட்டது. அவ்விதழ் தோட்டக்காரர்களுக்குரியது என்பது கருதத்தக்கது. புதிய பேரினம் அறிஞர் கழகத்தின் ஏட்டில் அன்றி, தொட்டியில் செடி வளர்ப்போர் வாசிக்கும் இதழில் பிறந்தது. அதனை உயிரோடு வைத்திருந்தவர்கள் அவர்களே.

பெயர்களும் நிலமும்

1920-களில் செருமனியில் இவ்வாய்வை முன்னெடுத்தவர் குஸ்தாவ் ஷ்வாண்டஸ் (1881–1960). இவர் தொழிலால் தொல்லியலாளர்; வட செருமனியின் இரும்புக்கால ஜாஸ்டார்ஃப் பண்பாட்டை அடையாளப்படுத்தியவர்; கீல் பல்கலைக்கழகப் பேராசிரியர். அவருக்குச் செடிகள் கிடைத்தது பெரும்பாலும் கர்ட் டின்டர் (1868–1945) வழியாக. டின்டர் செருமானியத் தென்மேற்கு ஆப்பிரிக்காவில், அதாவது இன்றைய நமீபியாவில், 1900 முதல் 1914 வரை அரசுத் தாவரவியலாளராகப் பணியாற்றியவர்.

இவ்வாண்டுகளை வெறும் ஆண்டுகளாகக் கடந்துசெல்ல இயலாது. 1904 முதல் 1908 வரை அதே நிலத்தில் எரேரோ, நாமா மக்கள் செருமானியப் படையால் கொன்றொழிக்கப்பட்டனர். எஞ்சியோர் முகாம்களில் அடைக்கப்பட்டு, மேய்ச்சல் நிலங்களை இழந்தனர். அந்நிலங்கள் குடியேறிகளின் பண்ணைகளாயின. விண்ட்ஹுக் வட்டாரத்தில் வளரும் 'சூடோட்ரன்கட்டெல்லா' என்னும் சிற்றினத்தைப் பெர்கர் பெயரிட்டு வெளியிட்ட ஆண்டும் 1908. தாவரவியலாளர்களை இக்கொடுமையின் பங்காளிகளாக்குவது இக்கட்டுரையின் நோக்கமன்று. ஆனால் சேகரிப்பிற்கு நிலம் 'திறந்திருந்தது' எவ்வாறு என்பதை மறைத்துவிட்டு இப்பேரினத்தின் வரலாற்றை எழுதுவது முறையாகாது.

சிற்றினப் பெயர்களின் பட்டியலும் இதையே காட்டுகிறது. ஏறத்தாழ 37 சிற்றினங்கள் இன்று ஏற்கப்படுகின்றன. அவற்றுள் பாதிக்கும் மேற்பட்டவை மனிதப் பெயர்களால் அமைந்தவை: லெஸ்லியை, டின்டெரி, ஷ்வாண்டஸியை, ருஷியோரம், ஆகாம்பியே, டொரோதியே, ஹெர்ரெய், காம்ப்டோனியை. பெயருக்குரியோர் பண்ணையாளர், அலுவலர், பேராசிரியர், அவர்தம் குடும்பத்தினர். மேய்ப்பர் ஒருவர் பெயரேனும் இல்லை. தாவரம் எங்கு வளர்கிறது என அறிந்தோரும், அதற்குக் குளம்பின் பெயரை இட்டு வழங்கியோரும் இப்பட்டியலுக்கு வெளியே நிற்கின்றனர். கேப்டவுனின் போலஸ் உலர்தாவரகத்தில் நெடுங்காலம் பணியாற்றிய லூயிசா போலஸ் (1877–1970) இக்குடும்பத்தின் சிற்றினங்களை ஆயிரத்திற்கும் மேல் விவரித்தவர். ஸ்டெல்லன்பாஷ் பேராசிரியர் ஜி. சி. நெல் 1946-இல் இப்பேரினத்திற்கென்றே ஒரு நூல் எழுதினார். இவர்களின் உழைப்பால் பெயர்கள் பெருகின, ஐயங்களும் பெருகின.

ஒப்புமைக்கான விளக்கங்கள்

கல்லைப் போன்றிருத்தல் எதற்காக என்னும் வினாவிற்கு 1822-லேயே பர்செல் விடை கூறிவிட்டார். அவ்விடை இறையேற்பாடு என்னும் கருத்தை ஒட்டியது. ஹென்றி வால்டர் பேட்ஸ் அமேசான் வண்ணத்துப்பூச்சிகளைக் கொண்டு ஒப்புருக்கொள்கையை வகுத்தது அதற்கு நாற்பது ஆண்டுகள் பின்னர், 1862-இல். ஆல்ஃபிரெட் ரசல் வாலஸ் தம் எழுத்துகளில் பர்செல் கண்ட கல்தாவரத்தை எடுத்துக்காட்டினார். ஆக்ஸ்ஃபோர்டின் விலங்கியல் பேராசிரியர் எட்வர்ட் பூல்டன், விலங்குகளின் காப்புநிறம் பற்றிய கோட்பாட்டிற்குப் பர்செல்லை ஒரு முன்னோடியாகவே கொண்டார். ஆக, பேரினமாக நிறுவப்படும் முன்பே இத்தாவரம் பரிணாமக் கோட்பாட்டின் சான்றாகிவிட்டது. அடையாளமே உறுதிப்படாத ஒன்று கோட்பாட்டுக்குத் தூணாக நின்றமை அறிவியல் வரலாற்றில் அருகிய நிகழ்ச்சியன்று.

தென்னாப்பிரிக்காவில் ருடால்ஃப் மார்லோத் (1855–1931) இவ்விவாதத்தைக் களத்திற்குக் கொண்டுசென்றார். சாளர இலைகளின் அமைப்பை ஆராய்ந்தவரும் அவரே. இங்கு ஒரு முரண் தோன்றுகிறது. நிலத்தில் புதைதல், சாளரம், நிறமித் தீவுகள் ஆகிய அனைத்தையும் வறட்சியையும் கடும் ஒளியையும் தாங்கும் ஏற்பாடுகளாகவும் விளக்கலாம். அவ்வாறாயின் கல்லோடு ஒப்புமை தற்செயல் விளைவே என்பர் சிலர். ஆயினும் வட்டாரந்தோறும் செடியின் நிறம் அங்குள்ள கல்லின் நிறத்தை ஒட்டி மாறுவதை வறட்சி ஒன்றைக் கொண்டு விளக்க முடியாது. இரும்புச்செறிவுள்ள செந்நிறக் கற்களிடையே செம்பழுப்பு, வெண்படிகக் கற்களிடையே சாம்பல் வெண்மை என வேறுபாடு தெளிவு. புதைதல் வறட்சிக்கும், நிறம் உண்ணும் விலங்கிற்கும் விடையாக அமைந்திருக்கலாம் எனக் கொள்வதே இப்போதைக்குப் பொருத்தம்.

மொழியியலாளர் தொகுத்த கற்கள்

இப்பேரினத்தின் குழப்பங்களை ஒழுங்குபடுத்தியவர் தாவரவியலாளர் அல்லர் என்பது தமிழாய்வாளர்க்குத் தனி ஆர்வம் தரக்கூடியது. டெஸ்மண்ட் கோல் (1922–2018) ஜொகன்னஸ்பர்க் விட்வாட்டர்ஸ்ரண்ட் பல்கலைக்கழகத்தில் பாண்டு மொழிகளின் பேராசிரியர். 1955-இல் வெளிவந்த அவருடைய ட்ஸ்வானா மொழி இலக்கணம் அத்துறையின் அடிப்படை நூல்களுள் ஒன்று. அவரும் அவர் துணைவியார் நௌரீன் கோலும் பல்லாண்டுகள் தென்னாப்பிரிக்காவிலும் நமீபியாவிலும் பயணம் செய்து, லித்தாப்ஸ் வளரும் இடங்களை ஒவ்வொன்றாகக் கண்டு, ஒவ்வோர் இடத்தின் கூட்டத்திற்கும் ஓர் எண் அளித்தனர். ஏறத்தாழ 400 எண்கள் கொண்ட அப்பட்டியல் உலகெங்கும் செடி வளர்ப்போரிடையே இன்றும் வழங்குகிறது. 1988-இல் வெளிவந்த 'லித்தாப்ஸ்: மலரும் கற்கள்' என்னும் கோலின் நூல் அப்பணியின் பயன்.

எண் அளிக்கப்பட்டது செடிக்கன்று, கூட்டத்திற்கு. முன்னையோர் ஒன்றிரண்டு செடிகளைக் கண்டு சிற்றினம் வகுத்தனர். ஒரே சரிவில் நிறமும் கோடும் செடிக்குச் செடி வேறுபடுவதைக் கோல் இணையர் நேரில் கண்டனர். அவ்வேறுபாடுகளை ஒரு கூட்டத்தின் உள்வேறுபாடாகக் கொண்டு, முன்பு தனிச் சிற்றினங்களாக இருந்த பலவற்றைத் துணைச்சிற்றினமாகவும் வகையாகவும் தாழ்த்தினர். ஒருவர் பேச்சைக் கொண்டு வட்டார வழக்கை வரையறுக்காமல், ஊரெங்கும் கேட்டு எல்லைக்கோடு வரையும் கிளைமொழி ஆய்வாளரின் பழக்கம் இதில் படிந்திருப்பதாகத் தோன்றுகிறது. கோல் அவ்வாறு கூறிக்கொண்டதை ஆதாரமாகக் காட்டி இதனைச் சொல்லவில்லை. முறைகளின் ஒப்புமையே இக்கருத்திற்கு அடிப்படை.

உலர்மாதிரி தர இயலாததை எண்ணிட்ட கூட்டமும் அதிலிருந்து வந்த விதையும் தந்தன. ஒரு கோல் எண்ணைக் குறித்தால் அக்கூட்டத்தின் வழித்தோன்றலை டோக்கியோவிலும் பெர்லினிலும் கலிஃபோர்னியாவிலும் ஒருவர் வளர்த்துப் பார்க்க இயலும். பர்செல்லின் ஓவியம் எழுப்பிய சிக்கலுக்கு ஒன்றே முக்கால் நூற்றாண்டுக்குப் பின் கிடைத்த விடை இது எனலாம்.

இடம் மறைத்தல்

லித்தாப்ஸ் விதையிலிருந்து எளிதாக வளர்வது. அழகுச் செடியாக விற்கப்படுபவற்றிற்குக் காட்டிலிருந்து பெயர்த்தெடுக்க வேண்டிய தேவை இல்லை. இருந்தும் பெயர்க்கின்றனர், முதிர்ந்த காட்டுச்செடிக்கு விலை மிகுதி. நமீபியாவில் இப்பேரினம் முழுவதும் 1975-ஆம் ஆண்டின் இயற்கைப் பாதுகாப்புச் சட்டத்தால் காக்கப்படுகிறது. தென்னாப்பிரிக்காவில் லெஸ்லியை சிற்றினம் செடி வணிகத்திற்காகவும் நாட்டு மருந்திற்காகவும் அகழப்படுவதோடு, பெருநகர விரிவாலும் இடம் இழந்துவருகிறது. நடு நமீப் பகுதியில் ருஷியோரம் வளரும் நிலங்கள் யுரேனியச் சுரங்க எல்லைக்குள் அடங்குகின்றன. 2019-க்குப் பின் தென்னாப்பிரிக்காவின் வடமேற்கில் இதன் உறவினமான கோனோஃபைட்டம் செடிகள் லட்சக்கணக்கில் களவாடப்பட்டன. சிறு நிலத்துண்டோடு முடிந்துவிடும் கூட்டத்தை ஒருவர் ஒரு பிற்பகலில் முற்றாக அகற்றிவிட இயலும்.

உருமறைப்பு மனிதரிடத்தில் பயன்படுமா என்பதற்கு வேறொரு நாட்டிலிருந்து சான்று உண்டு. சீனத்தின் எங்டுவான் மலைகளில் வளரும் ஃபிரிட்டில்லாரியா டெலவாயி என்னும் செடியின் கிழங்கு நெடுங்காலமாக மருந்துக்கு அகழப்படுகிறது. 2020-இல் வெளிவந்த ஓர் ஆய்வு, அகழ்வு மிகுந்த இடங்களில் அச்செடி சுற்றியுள்ள பாறையின் நிறத்தை நெருங்கியும், அகழ்வு குறைந்த இடங்களில் பசுமையாகவும் இருப்பதைக் காட்டியது. கண்ணால் தேடுவோரிடமிருந்து தப்பும் வாய்ப்பு அச்செடிக்கு இருந்தது. லித்தாப்ஸைத் தேடுவோர் கண்ணை மட்டும் நம்பிச் செல்வதில்லை. இடத்தை முன்பே அறிந்து செல்கின்றனர். அந்த அறிவை அவர்களுக்குத் தந்தவை பயண நூல்கள், மாதிரிக் குறிப்புகள், எண்ணிட்ட பட்டியல்கள்.

இதனால் இன்று அறிவியல் தன் பழக்கத்தைத் தலைகீழாக்கிக்கொண்டுள்ளது. தென்னாப்பிரிக்கத் தேசியப் பல்லுயிர் நிறுவனம் களவுக்கு இலக்காகும் தாவரங்களின் துல்லிய இருப்பிடத்தைப் பொதுத் தரவுகளில் வெளியிடுவதில்லை. புதிய கூட்டங்களைக் கண்டோர் மாவட்டத்தின் பெயரோடு நிறுத்திக்கொள்கின்றனர். கோல் பட்டியலிலேயே நகரங்களிலிருந்து தோராயத் தொலைவும் திசையும் மட்டுமே தரப்பட்டுள்ளன. பர்செல் 1822-இல் அச்சிட்ட வழிக்குறிப்பைக் கையில் கொண்டு 1918-இல் ஒருவர் பிரீஸ்காவிற்கு அருகே அத்தாவரத்தைத் தேடிச் சென்றடைந்தார். இன்று வெளியாகும் ஒரு கட்டுரையைக் கொண்டு அடுத்த நூற்றாண்டில் எவரும் அவ்வாறு சென்றடைய முடியாது. அக்கட்டுரை அதற்காகவே அவ்வாறு எழுதப்படுகிறது.